விண்ணின் இரும்பும் மண்ணின் உலையும்

உலகத்துப் பழங்கதைகள் பலவற்றில் ஒரு கொல்லன் இருக்கின்றான். அவன் நமது ஊர்ப் பட்டடையில் மண்வெட்டிக்கு அலகு தட்டும் கொல்லன் அல்லன். மனிதர் காணாத இடத்தில் உலை மூட்டி, மனிதர் அறியாத பொருளை அதிலிட்டு, மனிதரால் செய்ய இயலாத கருவியை வெளியே எடுப்பவன் அவன். கிரேக்கரின் தெய்வக் கொல்லனாகிய ஹிபெஸ்தஸ், அக்கிலீஸ் என்னும் வீரனுக்கு ஒரே இரவில் கேடயமும் கவசமும் சமைத்துக் கொடுத்ததை ஹோமர் பாடினார். நமது புராணங்களோ இதனினும் ஆழமான கதையொன்றைக் கூறுகின்றன. விருத்திராசுரனை வெல்ல வழியறியாது இந்திரன் கலங்கி நின்றபோது, ததீசி முனிவர் தமது உடலையே மனமுவந்து ஈந்தார். அவருடைய எலும்பைக் கொண்டு தேவதச்சன் வச்சிராயுதத்தைச் சமைத்தான் என்பது கதை.

இக்கதையிலே ஊன்றி நோக்கத்தக்க செய்தி ஒன்று உண்டு. தேவதச்சன் வெறுமையிலிருந்து ஆயுதம் செய்யவில்லை. நெடுங்காலம் தவத்திலே கழிந்த ஒரு வாழ்வின் எச்சத்தை எடுத்தே செய்தான். கழிந்து போன காலத்தின் மிச்சம் கருவியாக மாறியது. அம்மிச்சத்திற்குள் அடங்கியிருந்த வலிமையே கருவியின் வலிமையாயிற்று. காலத்தின் எச்சங்களைப் பொருளாக்கும் உலை என்ற கற்பனை, இவ்வாறு நமக்குப் பழக்கமானதே.

ஆனால், அத்தகைய உலை கற்பனையில் மட்டுந்தான் உண்டா? இல்லை என்றே நாம் கூறுவோம். இப்பூமியிலே மெய்யான கொல்லர்கள், மெய்யான சம்மட்டி கொண்டு, ஏறத்தாழ 450 கோடி ஆண்டுப் பழமையுடைய பொருளை அடித்து மணியாகவும் வாளாகவும் ஆக்கியிருக்கின்றனர். அவர்களுடைய கைக்கு எட்டிய அப்பொருள் விண்கல் இரும்பு. அதன் வரலாறு எந்தப் புராணத்திற்கும் குறையாத சுவையுடையது. நமக்கு ஒரு படிப்பினையும் உடையது.

வானம் தந்த உலோகம்

பூமியிலுள்ள இரும்பு பெரும்பாலும் உலோகமாகக் கிடைப்பதில்லை. அது காற்றிலுள்ள உயிர்வாயுவோடு கூடிச் செங்கல்லாகவும் கருங்கல்லாகவும் மண்ணுள் மறைந்து கிடக்கின்றது. அக்கல்லைக் கரியோடு சேர்த்து உலையிலிட்டு, இடைவிடாது காற்றூதி, ஆயிரம் பாகைக்கு மேற்பட்ட வெப்பத்திலே வாட்டினாலன்றி இரும்பு வெளிப்படாது. அவ்வெப்பத்தை உண்டாக்க மனிதர் எத்தனையோ உபாயங்களைக் கண்டனர். நமது நாட்டிலே சமனலவெவப் பகுதியின் மலைச்சரிவுகளில், தென்மேல் பருவக்காற்றையே துருத்தியாகக் கொண்டு இரும்புருக்கிய பழைய உலைகளை ஆராய்ச்சியாளர் ஜில் ஜுலெவ் அகழ்ந்து கண்டு, 1996 ஆம் ஆண்டு 'நேச்சர்' என்னும் விஞ்ஞான இதழிலே வெளியிட்டமை ஈண்டு நினைக்கத்தக்கது.

இவ்வித்தை மனிதனுக்கு எளிதிலே கைவரவில்லை. மேற்காசிய நாடுகளிற்கூட கி. மு. 1200 அளவிலேதான் இரும்பு பரவலான பயன்பாட்டிற்கு வரத் தொடங்கியது. அதற்கு முன்னரோ மனிதன் செம்பையும் வெண்கலத்தையுமே அறிந்திருந்தான். எனினும் அந்த வெண்கல காலத்துக் கல்லறைகளிலே இரும்புப் பொருள்கள் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கிடைத்தன. உருக்கத் தெரியாதவன் கையிலே இரும்பு வந்தது எவ்வாறு என்பது அறிஞர்களை நெடுநாள் மயக்கிய வினா. விடை வானத்திலிருந்து வந்தது.

சூரியனைச் சூழ்ந்து கிரகங்கள் உருவாகத் தொடங்கிய ஆதிகாலத்திலே, சிறு கோள்கள் பல தோன்றின. அவற்றுட் சில தம்முள்ளே உருகின. கனமான இரும்பும் நிக்கலும் நடுவிற் சென்று தங்கின. இலேசான கற்பொருள் மேலே மிதந்தது. பின்னர் அக்கோள்கள் ஒன்றோடொன்று மோதிச் சிதறியபோது, நடுவேயிருந்த இரும்பும் துண்டுதுண்டாகி வெளியிலே அலைந்தது. அத்துண்டுகளில் ஒன்று எப்போதாவது பூமியின் ஈர்ப்பிற் சிக்கி, எரிந்து கொண்டே வந்து விழுகின்றது. அதுவே இரும்பு விண்கல். உருக்க வேண்டிய தேவையின்றி, உலோகமாகவே வந்து சேரும் இரும்பு அது. அதனைப் பூமியின் இரும்பினின்றும் பிரித்தறிய ஓர் அடையாளம் உண்டு: அதிலே நிக்கல் என்னும் உலோகம் நூற்றுக்கு ஐந்து பங்கிற்குக் குறையாமல், பெரும்பாலும் அதற்கு மேலாகவும் கலந்திருக்கும்.

இன்னோர் அடையாளம் அதனினும் வியப்பானது. 1808 ஆம் ஆண்டு வியன்னா நகரிலே, அரசாங்கப் பீங்கான் தொழிற்சாலையின் தலைவராயிருந்த அலோயிஸ் விட்மன்ஸ்ரெற்றன் என்பவர், விண்கல் ஒன்றின் வெட்டுமுகத்தைச் சுவாலையிலே வாட்டிப் பார்த்தார். பளபளப்பான அப்பரப்பிலே, ஒன்றையொன்று வெட்டிச் செல்லும் கோடுகளாலாகிய ஒரு கோலம் எழுந்தது. அதற்குச் சில ஆண்டுகள் முன்பே, நேப்பிள்ஸ் நகரில் வாழ்ந்த தோம்சன் என்னும் ஆங்கிலேயரும் திராவகத்தினாலே துருவைப் போக்க முயன்றபோது அதே கோலத்தைக் கண்டிருந்தார். எனினும் வியன்னாக்காரரின் பெயரே அதற்கு நிலைத்துவிட்டது.

இக்கோலம் எதனால் வந்தது? நிக்கல் குறைந்த இரும்பும் நிக்கல் மிகுந்த இரும்பும் தனித்தனிப் பளிங்குகளாகப் பிரிந்து வளர்ந்ததனால் வந்தது. அப்பளிங்குகள் வளர வேண்டுமானால் உலோகம் மிக மிக மெதுவாக ஆற வேண்டும். நமது அடுப்பிலே காய்ந்த தோசைக்கல் அரை மணியிலே ஆறிவிடும். சிறுகோளின் வயிற்றினுள் இருந்த இரும்போ, பல விண்கற்களிலே, பத்து இலட்சம் ஆண்டுகளுக்குச் சில பாகையோ சில நூறு பாகையோதான் ஆறியது. ஆகவே அக்கோலத்தை எந்தத் தொழிற்சாலையும் செய்து காட்ட இயலாது. அது காலமே போட்ட கோலம்.

ஆனால் அக்கோலத்திற்கு ஒரு பகையும் உண்டு. கடும் நெருப்பிலே நெடுநேரம் வைத்தால் அது அழிந்து போகும். அழிந்தால் மீண்டு வராது. இதனை மனத்தில் இருத்திக்கொண்டு, நாம் நான்கு உலைக்களங்களைச் சென்று பார்ப்போம்.

நைல் நதிக்கரையில்

கெய்ரோ நகரிலிருந்து தெற்கே ஏறத்தாழ 70 கிலோமீற்றர் தொலைவில் கெர்சே என்னும் இடம் உண்டு. 1911 ஆம் ஆண்டு அங்கே அகழ்ந்தவர்கள், இரு கல்லறைகளிலிருந்து ஒன்பது சிறு இரும்பு மணிகளை எடுத்தனர். அக்கல்லறைகள் கி. மு. 3200 அளவைச் சேர்ந்தவை. பிரமிட்டுகள் எழுவதற்கு நூற்றாண்டுகள் முன்னே, பரோ மன்னர் ஆட்சியே தொடங்காத காலம் அது. இரும்பு மணிகளோடு பொன்மணிகளும் நீலக்கல் மணிகளும் கோக்கப்பட்டிருந்தன. அக்காலத்தார் இரும்பைப் பொன்னோடும் மணியோடும் ஒப்ப மதித்தனர் என்பதற்கு வேறு சான்று வேண்டுவதில்லை.

அம்மணிகள் இன்று முழுதும் துருவாகிவிட்டன. எனினும் 2013 ஆம் ஆண்டு இரு ஆராய்ச்சிக் குழுவினர் அவற்றைச் சிதைக்காமலே உட்புறம் ஊடுருவிப் பார்த்தனர். நிக்கல் மிகுதியும் பழைய பளிங்கமைப்பின் சாயலும் காணப்பட்டன. விண்கல் இரும்பே என்பது உறுதியாயிற்று. வேறொன்றும் தெரிய வந்தது. கல்மணி செய்பவர் போல அக்கைவினைஞர் துளையிடவில்லை. இரும்பைத் தட்டித் தட்டி மெல்லிய தகடாக்கி, அத்தகட்டைக் குழாய் போலச் சுருட்டியிருந்தனர். மற்றோர் எவரும் அறியாத உலோகத்தை முதன்முதல் கையிலெடுத்தவன், அதன் இயல்பை ஆராய்ந்து, அதற்கென்றே ஒரு முறையைக் கண்டுபிடித்தான். அவன் பெயர் நமக்குத் தெரியாது. அவன் அறிவு தெரிகின்றது.

அவனுக்கு ஏறத்தாழ ஆயிரத்தெண்ணூறு ஆண்டுகள் பிற்பட்டவன் துட்டன்காமன் என்னும் இளம் மன்னன். 1922 ஆம் ஆண்டு ஹொவார்ட் காட்டர் கண்டுபிடித்த அவனது கல்லறையை அறியாத மாணவர் இரார். 1925 ஆம் ஆண்டு அவன் உடலைச் சுற்றியிருந்த துணிகளை அவிழ்த்தபோது, வலத் தொடையருகே பொற்பிடியுடன் கூடிய இரும்புக் குத்துவாள் ஒன்று இருந்தது. மூவாயிரத்து முந்நூறு ஆண்டுகள் கடந்தும் அலகு பெரிதும் துருவேறாமல் இருந்தமை கண்டோரை வியப்பிலாழ்த்தியது. 2016 ஆம் ஆண்டு இத்தாலிய, எகிப்திய விஞ்ஞானிகள் எக்ஸ் கதிர் கொண்டு ஆராய்ந்து, அதிலே நிக்கல் நூற்றுக்கு ஏறத்தாழ 11 பங்கு உண்டெனக் கண்டனர். வாள் வானத்து இரும்பால் ஆனது என்பது ஐயமற விளங்கியது.

2022 ஆம் ஆண்டு ஜப்பானிய ஆராய்ச்சியாளர் வெளியிட்ட முடிவுதான் எமது நோக்கிற்கு மிக ஏற்றது. அலகின் மேற்பரப்பிலே அந்தக் கோலம், விட்மன்ஸ்ரெற்றன் கண்ட அதே கோலம், இன்னும் மங்கலாக நிற்கின்றது. ஆகவே அவ்வாளைச் செய்த கொல்லன் 950 பாகைக்கு மேற்படாத வெப்பத்திலேயே வேலை செய்திருக்க வேண்டும் என்பது அவர்கள் கருத்து. அவன் கோலத்தைக் காக்க எண்ணியே நெருப்பை அளந்தானா என்று நாம் சாதிக்க முடியாது. ஆனால் அளந்தான், அதனால் 450 கோடி ஆண்டுக் கதையும் அழியவில்லை, வாளும் பிறந்தது.

அக்கொல்லன் எகிப்தியனாய் இருந்திருக்க வேண்டும் என்பதுமில்லை. துட்டன்காமனின் பாட்டனெனக் கருதப்படும் மூன்றாம் அமன்ஹோதெப் மன்னனுக்கு, மித்தானி நாட்டரசன் அனுப்பிய பரிசுப் பட்டியலிலே இரும்பலகுடைய குத்துவாள் ஒன்று குறிக்கப்பட்டிருக்கின்றது. பாட்டன் பெற்ற பரிசு பேரன் கல்லறைக்குச் சென்றதாகலாம். அன்றைய எகிப்தில் இரும்பு அரசர்க்குள் கைமாறும் அரும்பொருள். பிற்கால எகிப்தியர் அதற்கு வைத்த பெயரின் பொருளே 'வானத்து உலோகம்' என்பதாகும்.

முகலாய மன்னனின் பட்டடையில்

அங்கிருந்து மூவாயிரம் ஆண்டுகளைத் தாண்டி இந்தியாவிற்கு வருவோம். 1621 ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் பஞ்சாப்பிலே ஜலந்தர்ப் பகுதியைச் சேர்ந்த ஒரு கிராமத்தில், காலை வேளையிலே பேரொலியோடு ஓர் ஒளிப்பிழம்பு விழுந்தது. செய்தியறிந்த அதிகாரி குதிரையேறிச் சென்று பார்த்தார். நிலம் பல முழ அகலத்திற்குக் கருகிக் கிடந்தது. தோண்டத் தோண்டச் சூடு மிகுந்தது. அடியிலே உலையிலிருந்து அப்போதுதான் எடுத்தாற் போன்ற ஓர் இரும்புக் கட்டி கிடந்தது. அதனை அரண்மனைக்கு அனுப்பினார். ஜஹாங்கீர் சக்கரவர்த்தி தம் முன்னிலையிலேயே நிறுக்கச் செய்தார். நிறை 160 தோலா.

இவ்விவரங்களையெல்லாம் அம்மன்னர் தமது நினைவுக் குறிப்பிலே தாமே எழுதி வைத்தார். இயற்கையின் புதுமைகளைக் கூர்ந்து நோக்கி எழுதுவது அவருக்கு இயல்பு. உஸ்தாத் தாவூத் என்னும் வாட்கொல்லரை அழைத்து, அக்கட்டியிலே ஒரு வாளும் ஒரு குத்துவாளும் ஒரு கத்தியும் செய்யுமாறு பணித்தார். தாவூத் உலையிலிட்டு அடித்துப் பார்த்தார். இரும்பு சம்மட்டிக்கு நிற்கவில்லை, சிதறி உடைந்தது.

ஏன் உடைந்தது என்பதை இன்றைய இரசாயன மாணவர் ஊகிக்கலாம். விண்கல் இரும்பிலே கந்தகமும் பொசுபரசும் இரும்போடு கூடிய சிறு சிறு திட்டுகளாக ஆங்காங்கே இருப்பதுண்டு. சூடேறியதும் அத்திட்டுகள் இளகிப் பிடிப்பற்றுப் போகின்றன; அடி விழுந்தவுடன் உலோகம் அவ்விடங்களிலே பிளக்கின்றது. தாவூத் இரசாயனம் கற்றவர் அல்லர். ஆனால் இரும்பைக் கற்றவர். இடியிரும்பு மூன்று பங்கிற்குச் சாதாரண இரும்பு ஒரு பங்கு சேர்த்து மீண்டும் அடித்தார். இம்முறை இரும்பு இசைந்தது. இரண்டு வாளும் ஒரு குத்துவாளும் ஒரு கத்தியுமாக நான்கு படைக்கலங்கள் பிறந்தன. மன்னர் முன்னிலையிலே சோதித்தபோது அவை நல்ல வாளுக்கு நிகராக வெட்டின.

அவற்றுள் கத்தி இன்றும் இருக்கின்றது. வாஷிங்டன் நகரிலுள்ள பிரீயர் கலைக்கூடத்திலே பொன்னெழுத்துப் பதித்த அலகோடு அதனைக் காணலாம். இரு இரும்பும் கலந்து அடிபட்டபோது பழைய கோலம் கலைந்திருக்கும். ஆயினும் அது வந்த நாளையும் இடத்தையும், அதனை ஆக்கியவன் பெயரையும், அவன் முதல் முயற்சி தவறியதையுங்கூட எழுத்துக் காத்து வைத்திருக்கின்றது. கொல்லன் பெயர் அரசன் பெயரோடு சேர்ந்து நானூறு ஆண்டு நிலைபெறுவது உலக வரலாற்றிலே அடிக்கடி நிகழ்வதன்று.

யாவகத் தீவில்

நமது முன்னோர் சாவகம் என்றும் யாவகம் என்றும் அழைத்த யாவாத் தீவிலே, கிரிஸ் என்னும் குத்துவாள் வெறும் ஆயுதமன்று, குலச்சொத்து. பாம்பு நெளிவது போல வளைந்தோ நேராகவோ அமையும் அதன் அலகிலே, கருமைக்கிடையில் வெண்கோடுகள் ஓடும். இதனைப் பமோர் என்பர். சாதாரண இரும்பையும் நிக்கல் கலந்த இரும்பையும் அடுக்கி, காய்ச்சி, அடித்து, மடித்து, மீண்டும் அடித்துப் பல படைகளாக்குவர். இறுதியிலே எலுமிச்சம் புளியும் பாடாணமும் கொண்டு அலகைக் கழுவும்போது, இரும்பு கறுத்து விடும். நிக்கல் கறுக்காமல் வெண்மையாய் நிற்கும்.

யாவாவிலே கி. பி. 9 ஆம் நூற்றாண்டில் எழுந்த பிரம்பானன் சிவாலயத்தைப் பற்றி அறிந்தவர் பலர். அதன் அண்மையிலே கிடந்த விண்கல் ஒன்றின் பகுதிகளை, 18 ஆம் நூற்றாண்டின் இறுதியில் சுரகார்த்தா அரண்மனைக்குக் கொண்டு சென்றனர். அரசவைக் கொல்லர் அதிலிருந்து சிறிது சிறிதாக எடுத்துக் கிரிசுகளுக்கு வெண்கோடு இட்டனர். எல்லாக் கிரிசும் விண்ணிரும்பால் ஆனதன்று. வேறிடத்து நிக்கல் இரும்பால் ஆனவையே மிகுதி. ஆனால் இவ்வரிய இரும்பை இட்டு ஆக்கியது தனிச் சிறப்புடையதாகப் போற்றப்பட்டது. எஞ்சிய கட்டிக்கும் பெயரிட்டு மரியாதை செய்தனர்.

எம்பு எனப்படும் அக்கொல்லர் நோன்பிருந்து, நாள் பார்த்து, வேண்டுதல் செய்த பின்னரே உலை மூட்டுவர். காலம் இட்ட கோலத்தை அவர்தம் நெருப்பு அழித்தது உண்மை. அதற்கு ஈடாகத் தம் கையால் மற்றொரு கோலத்தை இட்டனர். பெற்றதை அப்படியே வைத்திருப்பது ஒரு வழி. பெற்றதைக் கொண்டு அதற்கு ஏற்ற புதியதொன்றை ஆக்குவது மற்றொரு வழி.

பனிப் பாலையில்

நான்காவது உலைக்களத்தில் உலையே இல்லை. கிறீன்லாந்தின் வடமேற்குக் கரையிலே மரமில்லை, மரமின்மையால் கரியுமில்லை. அங்கு வாழும் இனுகுயிற் மக்கள் கடல் விலங்கின் கொழுப்பை எரித்துச் சிறு விளக்கிலே குளிர் காய்பவர்கள். 1818 ஆம் ஆண்டு ஜோன் ரொஸ் என்னும் பிரித்தானியக் கப்பற்றலைவர் அவர்களைச் சந்தித்தபோது, அவர்கள் கையிலே எலும்புப் பிடியில் இரும்புச் சில்லுகள் வரிசையாய்ப் பதித்த கத்திகள் இருக்கக் கண்டு திகைத்தார். உலையறியாத மக்களுக்கு இரும்பு தந்தவை, கேப் யோர்க் அருகே பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன் விழுந்த விண்கற்கள்.

அவற்றுள் மூன்றிற்கு அவர்கள் பெயரிட்டிருந்தனர்: கூடாரம், பெண், நாய். தீய ஆவியொன்று வானிலிருந்து ஒரு பெண்ணையும் அவளுடைய நாயையும் கூடாரத்தையும் கீழே தள்ளிவிட்டது என்பது அவர்தம் கதை. நூற்றாண்டு நூற்றாண்டாக அவர்கள் கருங்கற்களைத் தொலைவிலிருந்து சுமந்து வந்து, அவற்றால் 'பெண்' மீது ஓங்கி அடித்து, நகத்தளவு சில்லுகளைப் பெயர்த்து, குளிரிலேயே தட்டித் தகடாக்கினர். அடித்துத் தேய்ந்த கற்கள் ஆயிரக்கணக்கில் அவ்விடத்திற் குவிந்து கிடந்தன. சவிசிவிக் என்னும் ஊர்ப்பெயரும் அவ்விரும்பைச் சுட்டுவதே. அங்கே பெயர்த்தெடுத்த சில்லுகள் கைமாறிக் கைமாறிக் கனடாவின் வடதீவுகள் வரை சென்றிருக்கின்றன. நெருப்புப் படாத இரும்பு. ஆகவே கோலமும் உள்ளே கெடாமல் இருந்தது. அதனை ஒரு கதையும் காத்து நின்றது.

1894 ஆம் ஆண்டு அமெரிக்கரான றொபேட் பியரி, அம்மக்களுள் ஒருவர் வழிகாட்ட அவ்விடத்தை அடைந்தார். அடுத்த ஆண்டு 'பெண்'ணையும் 'நாயை'யும் கப்பலேற்றினார். 1897 ஆம் ஆண்டு 31 தொன் நிறையுள்ள 'கூடாரத்'தையும் பெருமுயற்சி செய்து நகர்த்திக் கொண்டுபோனார். பிற்காலத்திலே நியூயோர்க்கிலுள்ள அமெரிக்க இயற்கை வரலாற்று நூதனசாலை அவற்றை 40,000 டொலருக்கு வாங்கியது. இன்றும் அவை அங்கே உள்ளன. பெருங்கல்லின் பாரத்தை மண்டபத் தளம் தாங்காதென்று, அதன் தூண்களைக் கட்டிடத்தின் கீழுள்ள பாறை வரை இறக்கியிருக்கின்றனர். அம்மக்களுக்கு அப்போது வணிகக் கப்பல்களிலிருந்து கத்தி கிடைத்து வந்தமையால் கல் இனித் தேவையில்லை என்பது பியரியின் நியாயம். தேவையில்லாப் பொருள் உடைமையுமன்று என்று எந்த நீதிநூலும் கூறவில்லை என்பதை மட்டும் நாம் சொல்லி அமைவோம்.

ஆனால் அக்கப்பலிலே கல் மாத்திரம் செல்லவில்லை. ஆறு மனிதரும் சென்றனர். அவர்களுள் கிசுக் என்னும் வேட்டைக்காரரும், அவருடைய ஏழு வயது மதிக்கத்தக்க மகன் மினிக்கும் இருந்தனர். நியூயோர்க்கின் வெப்பமும் நோயும் அவர்களைத் தாக்கின. சில மாதங்களுள் நால்வர் மாண்டனர். கிசுக் 1898 ஆம் ஆண்டு பெப்ரவரியில் இறந்தார். ஒருவர் ஊர் திரும்பினார். சிறுவன் மினிக் தனியனானான். தந்தையை அடக்கம் செய்வதாக அச்சிறுவன் முன் ஒரு சடங்கு நடைபெற்றது. அதிலே புதைக்கப்பட்டது உடலன்று. போர்த்தி மூடிய ஒரு மரக்கட்டை. கிசுக்கின் எலும்புகளோ நூதனசாலையின் சேகரத்திலே சேர்க்கப்பட்டன. சில ஆண்டுகளின் பின் மினிக் உண்மையை அறிந்தான். தந்தையின் எலும்பைத் தருமாறு அவன் கேட்டான், கொடுக்கப்படவில்லை. 1909 ஆம் ஆண்டு தாய்நாடு சென்று, மறந்துபோன தாய்மொழியை மீண்டும் கற்றான். அங்கும் மனம் பொருந்தாமல் 1916 ஆம் ஆண்டு அமெரிக்கா திரும்பி, 1918 ஆம் ஆண்டு பரவிய கொடிய சுரத்திலே இறந்தான். அந்நால்வரின் எலும்புகளும் 1993 ஆம் ஆண்டுதான் கிறீன்லாந்து சென்று கானாக் என்னும் ஊரிலே அடக்கம் பெற்றன. மகன் கேட்டது, மகன் இறந்து 75 ஆண்டுகள் கழித்துக் கிடைத்தது.

நெருப்பின் அளவு

ததீசி முனிவரின் கதையை இப்போது மீண்டும் எண்ணிப் பார்த்தல் வேண்டும். அவர் எலும்பும் பொருளாக்கப்பட்டது. கிசுக்கின் எலும்பும் பொருளாக்கப்பட்டது. இரண்டிற்கும் உள்ள வேற்றுமை ஒன்றே. முன்னதிலே கேட்டார்கள், அவர் கொடுத்தார். பின்னதிலே யாரும் கேட்கவில்லை. கேட்டுப் பெற்ற எலும்பு வச்சிராயுதமாயிற்று. கேளாமல் எடுத்த எலும்பு ஒரு பெட்டியிலே எண்ணிட்டு வைத்த பொருளாயிற்று. காலத்தின் எச்சங்களைக் கையாளுவோர் எவராயினும், நூதனசாலையாராயினும் அறிஞராயினும், முதலிலே ஓர்ந்து கொள்ள வேண்டிய வேற்றுமை இதுவே.

எமது இல்லங்களிலும் இத்தகைய எச்சங்கள் இல்லாமலில்லை. பரணிலே கிடக்கும் ஏட்டுச்சுவடி, பேத்தியார் பாக்கு வெட்டிய பாக்குவெட்டி, நாலு தலைமுறை திரி கண்ட பித்தளைக் குத்துவிளக்கு ஆகியவற்றிற்கு 450 கோடி ஆண்டுப் பழமை இல்லை. ஆயினும் அவையும் அழிந்தால் மீண்டு வாராதவை. பழம் பித்தளையை நிறைக்கு விற்று, உருக்குமிடத்திற்கு அனுப்பி, அக்காசிலே பளபளக்கும் புதியதொன்றை வாங்குவது எளிது. உலை எதனையும் ஏற்கும். என்ன இழந்தோம் என்று அது கூறாது.

இதனால் பழையதைத் தொடவே கூடாது என்று நாம் சொல்ல வரவில்லை. தொடாமல் வைத்திருந்தால் கெர்சே மணி பிறந்திராது. தாவூதின் கத்தியும் பிறந்திராது. மண்ணுக்குள் கிடந்து துருவாகியே போயிருக்கும். தொடுகின்ற கை, தொடுவதற்கு முன் அப்பொருளை அறிந்திருக்க வேண்டும் என்பதே நாம் கூற விழைவது. துட்டன்காமனின் வாளைச் செய்தவன் போல நெருப்பை அளந்து மூட்டலாம். நெருப்பு மிகுந்து கோலம் கலையத்தான் வேண்டுமெனில், ஜஹாங்கீரைப் போல எழுதி வைக்கலாம். அதுவும் இயலாவிடில், பனி நாட்டு மக்களைப் போலப் பிள்ளைகளுக்குக் கதையாகவாவது சொல்லி வைக்கலாம்.

மாணவர்களுக்கு ஒன்று சொல்லி முடிப்போம். இவ்விடுமுறை நாளிலே உங்கள் வீட்டிலுள்ள பழம்பொருள் ஒன்றை எடுத்து, அது யாருடையது, எங்கிருந்து வந்தது, யார் செய்தது என்று பாட்டன் பாட்டியிடம் கேட்டு, ஒரு தாளில் எழுதுங்கள். திகதியும் இடுங்கள். அரைமணி நேர வேலைதான். சொல்லத் தெரிந்தவர்கள் இன்று உங்களோடு இருக்கின்றார்கள்.